கட்டுக்கு விலையா, கிலோவுக்கு விலையா?

கேள்வி: நரிப்பையூர் பக்கம் குடும்பமாகப் பதநீர் காய்ச்சிக் கருப்பட்டி போடுகிறோம். "காய்ந்த கருவேல விறகு, கட்டு 25 கிலோவுக்குக் குறையாது" என்று வியாபாரி வாட்ஸ்அப்பில் பேசி அனுப்பினார். கட்டு 120 ரூபாய் வீதம் 200 கட்டு இறக்கினோம். முன்பணம் 10,000 கொடுத்தேன். வந்ததில் பாதி பச்சை. வீட்டுத் தராசில் எந்தக் கட்டும் 20 கிலோவைத் தொடவில்லை. அதற்குள் 60 கட்டு எரித்தாயிற்று. "விலை கட்டுக்குத்தான், எடைக்கு இல்லை" என்கிறார். பாக்கி 14,000 தராவிட்டால் கொப்பரையைத் தூக்கிப்போவாராம்.

பதில்: கொப்பரையில் அவர் கைவைக்க முடியாது அம்மா. கடன் பாக்கி என்றால் வழக்குப் போட்டுத்தான் வாங்க வேண்டும். மிரட்டினால் காவல் நிலையத்தில் எழுதிக் கொடுங்கள்.

வெறும் "கட்டு 120" என்று பேசியிருந்தால் உங்கள் பக்கம் பலவீனம்தான். 25 கிலோ என்று அவரே வாயால் சொன்னது உங்களைக் காப்பாற்றுகிறது. 1930ஆம் ஆண்டு சரக்கு விற்பனைச் சட்டம் 37ஆம் பிரிவின்படி, பேசியதைவிடக் குறைவாக வந்தால் மொத்தத்தையும் திருப்பி அனுப்பலாம். ஏற்றுக்கொண்டால், வந்த அளவுக்குப் பேசிய வீதத்தில் பணம் கொடுத்தால் போதும். அடுப்பில் வைத்துவிட்டதால் இரண்டாவது வழிதான் உங்களுக்கு.

கணக்குப் போடுவோம். 25 கிலோ 120 ரூபாய் என்றால் கிலோ 4.80. சராசரி 19 கிலோ என்று வைத்தால் 200 கட்டுக்கு 3,800 கிலோ, 18,240 ரூபாய். முன்பணம் போக 8,240 தான் பாக்கி. காய்ந்தது என்று சொல்லிப் பச்சையைத் தந்ததற்கு, 59ஆம் பிரிவின்படி விலையில் இன்னும் குறைக்கச் சொல்லிக் கேட்கலாம்.

ஆனால் வீட்டுத் தராசை நம்பி இறங்காதீர்கள். மீதி 140 கட்டையும் முத்திரையிட்ட எடைமேடையில் ஏற்றிச் சீட்டு வாங்குங்கள். அவரையும் கூப்பிடுங்கள், வராவிட்டால் அக்கம்பக்கத்தார் இருவர் உடனிருக்கட்டும். இந்த வாரமே செய்யுங்கள். வெயிலில் கிடந்து காய்ந்ததால்தான் எடை குறைந்தது என்று அவர் சொல்வார். (அப்படிச் சொன்னால் பச்சை விறகு தந்ததை அவரே ஒப்புக்கொண்டதாகிவிடும். இருந்தாலும் நாள் கடத்த வேண்டாம்.)

அப்புறம், சீட்டின் நகலோடு கணக்கை எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்பிவிடுங்கள். பேசிய எடைக்குக் குறைவாகக் கொடுப்பது 2009ஆம் ஆண்டு சட்டமுறை எடையளவுச் சட்டத்தின் 30ஆம் பிரிவில் குற்றம். ராமநாதபுரத்தில் தொழிலாளர் உதவி ஆணையர் (அமலாக்கம்) அலுவலகத்தில் புகார் தரலாம். அவர்கள் உங்கள் பணத்தை வாங்கித் தரமாட்டார்கள். ஆனால் வியாபாரி சமாதானம் பேச வருவதற்கு அது உதவும்.

வியாபாரத்துக்கு வாங்கினாலும், பிழைப்புக்காகச் சொந்தமாகச் செய்யும் தொழில் என்பதால் நுகர்வோர் ஆணையத்துக்கும் இரண்டு ஆண்டுக்குள் போகலாம். இந்தத் தொகைக்குக் கட்டணம் கிடையாது. மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில், வருமானம் எவ்வளவு இருந்தாலும் பெண்களுக்கு வக்கீல் இலவசம்.

சரி, குரல் பதிவு இருக்கும் அந்தப் போனை மட்டும் இப்போதைக்கு எக்ஸ்சேஞ்சில் போட்டுவிடாதீர்கள்.