கிட்டாரும் டிரம்ஸும் மட்டும் வைத்து ராக் இசைக்குழு நடத்த முடியுமா?

கிருஷ்ணகிரியில் இருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார்: "நானும் நண்பனும்தான் இருக்கிறோம். தாழ்ந்த சுரங்களை வாசிக்கும் பேஸ் கிட்டாருக்கு ஆளே கிடைக்கவில்லை. இரண்டு பேர் போதுமா?"

தாராளமாகப் போதும் தம்பி. அமெரிக்காவின் டெட்ராய்ட்டில் 1997-ல் தொடங்கிய 'தி ஒயிட் ஸ்ட்ரைப்ஸ்' குழுவில் கடைசிவரை இரண்டே பேர்தான். ஜாக் ஒயிட் கிட்டாரும் பாட்டும், மெக் ஒயிட் டிரம்ஸ். 1999-ல் சிறிய நிறுவனம் ஒன்றின் வழியாக முதல் ஆல்பம். 2007-க்குள் 6 ஆல்பங்கள். 2011 பிப்ரவரியில் பிரிந்தார்கள்.

உங்கள் கவலை பேஸ் பற்றியது அல்லவா? 2003-ல் வந்த அவர்களின் 'செவன் நேஷன் ஆர்மி' பாட்டின் தொடக்கத்தை ஹெட்போனில் கேளுங்கள். பேஸ் போல உறுமுகிறதே, அது கிட்டார்தான். காலடியில் ஒரு பெடல். அழுத்தினால் அதே சுரம் ஒரு ஸ்தாயி கீழே இறங்கும். உங்களுக்கு முதலில் தேவை அதுதான், இரண்டாவது கிட்டார் அல்ல.

மெக் வாசிப்பு ரொம்ப எளிமை என்று குறை சொன்னவர்கள் உண்டு. நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். அவர் விட்ட இடைவெளியில்தான் கிட்டார் மூச்சு விட்டது. நம் பக்கத்துத் தெருக்கூத்தைப் பாருங்கள்: மிருதங்கம், முகவீணை (சிறிய ஊதுகுழல்), ஆர்மோனியம், தாளம். இந்தக் கொஞ்சம் வாத்தியத்தில் விடிய விடிய ஊரே உட்கார்ந்திருக்கும். அடவு மாறும்போது மிருதங்கம் சட்டென்று நின்று மறுபடி விழும் இடத்தைக் கவனியுங்கள். உங்கள் டிரம்மரையும் கூட்டிக்கொண்டு போங்கள்.

இன்னொன்று, பெங்களூர் மேடைக்குப் போக இரண்டு பஸ் டிக்கெட் போதும். வருகிற பணமும் இரண்டாகத்தான் பிரியும்.