பதில்: அந்தப் பொம்மையை வகுப்பில் காட்டலாமா?

அமெரிக்கப் பெண் கலைஞர் பெட்டி சார் (Betye Saar) 1972-இல் செய்த 'ஆன்ட் ஜெமிமாவின் விடுதலை' என்ற பெட்டிக் கலைப்படைப்பை வகுப்பில் காட்டினால், கறுப்பினப் பெண்களை இழிவுபடுத்தும் பொம்மையை நாமே பரப்புவதாகாதா என்று கேட்டிருந்தீர்கள். தாராளமாகக் காட்டுங்கள். ஆனால் எடுத்த எடுப்பில் முழுப்படத்தைத் திரையில் போட்டுவிடாதீர்கள். சிரிப்பு வருவது அப்போதுதான்.

முதலில் பின்னணியை மட்டும் காட்டுங்கள்: வரிசை வரிசையாகச் சிரிக்கும் பணிப்பெண் முகங்கள். 'ஆன்ட் ஜெமிமா' என்ற பான்கேக் மாவின் விளம்பர முகமாக இருந்தது அது. பிறகு பொம்மை. சமையலறையில் குறிப்புத்தாள் செருக விற்கப்பட்ட மலிவுச் சாமான். தாள் இருக்கவேண்டிய இடத்தில், குழந்தையை ஏந்திய பணிப்பெண்ணின் படம். அதன்மேல் ஓங்கிய கறுப்பு முஷ்டி. பொம்மையின் காலடியில் பருத்தி. ஒரு கையில் துடைப்பம், மறு கையில் துப்பாக்கி. இத்தனையும் ஓரடி உயரம்கூட இல்லாத பெட்டிக்குள்! (கலைஞரின் பெயரும் பெட்டி என்பது நமக்கு மட்டும் கிடைத்த வேடிக்கை.)

மார்ட்டின் லூதர் கிங் 1968-இல் கொல்லப்பட்டதில் பெட்டி சாருக்கு எழுந்த கோபத்தைச் சொல்லாமல் அந்தத் துப்பாக்கியை விளக்க முடியாது. நேரமிருந்தால் 1975-இல் அவர் செய்த 'ரெக்கார்ட் ஃபார் ஹாட்டி' என்ற படைப்பையும் சேருங்கள். முந்தைய ஆண்டு மறைந்த பாட்டி முறை உறவினரின் நினைவுக்கானது. அங்கே கோபமில்லை, வீட்டு நினைவுதான். ஒரே வகுப்பில் இரண்டையும் திணிக்காமல், இதை மறுநாளைக்கு வைத்துக்கொண்டால் இன்னும் நல்லது.