ஒப்புதல் படிவத்தைத் தேடுங்கள், புகாரை நிறுத்துங்கள்

கேள்வி: நான் செவிலியர். திருமணமானவர்களுக்கான பாலியல் கல்வி ஆவணப்படம் ஒன்றில், பிரசவத்துக்குப் பிறகு எங்கள் தாம்பத்தியத்தில் நேர்ந்த சிக்கல்களை முகம் காட்டிப் பேசினேன். மருத்துவக் கல்லூரிகளில் மட்டுமே காட்டுவோம் என்றார்கள். இப்போது தயாரிப்பாளர் இரண்டு நிமிடத்தை மட்டும் வெட்டி, கொச்சையான தலைப்புடன் யூடியூபில் போட்டிருக்கிறார். நாத்தனார் வீட்டில் பார்த்துவிட்டார்கள். கணவர் என்னுடன் பேசுவதில்லை. ஆபாசப் படம் என்று போலீசில் புகார் கொடுக்கப் போகிறேன்.
- வாசகி, திருச்சி

பதில்: நாத்தனார் வீட்டுப் பேச்சை எந்த நீதிமன்றமும் விசாரிக்காது. படப்பிடிப்பன்று நீங்கள் கையெழுத்திட்ட ஒப்புதல் படிவத்தில் என்ன இருக்கிறது என்பதுதான் வழக்கு. 'கல்வி நிறுவனங்களில் திரையிட மட்டும்' என்றிருந்தால் உங்கள் கை ஓங்கும். 'எல்லா ஊடகங்களிலும், எக்காலத்துக்கும்' என்றிருந்தால், வாய்மொழியாகச் சொன்னதை வைத்து அதை வெல்வது மிகக் கடினம்.

எனக்குக் கவலை தருவது உங்கள் புகாரில் வரப்போகும் 'ஆபாசம்' என்ற சொல். தகவல் தொழில்நுட்பச் சட்டம் 67-ஆவது பிரிவின்படி, ஆபாசத்தை மின்னணு வடிவில் வெளியிட்டால் முதல் முறையே 3 ஆண்டு வரை சிறை, 5 லட்சம் ரூபாய் வரை அபராதம். அறிவியலுக்காக, கல்விக்காக வெளியிட்டது என்று நிரூபித்தால் விலக்கு உண்டு. அந்த விலக்கு உங்களையும் காக்கிறது. படமே ஆபாசம் என்று நீங்களே எழுதிக் கொடுத்தால், சம்மதித்து நடித்தவர் என்று உங்களையும் உள்ளே இழுப்பார்கள். இப்படிப் புகார் கொடுத்த ஒரு பெண், பின்னர் முன்ஜாமீன் கேட்டு என் அலுவலகத்துக்கு வந்தார். அவர் கையிலிருந்த புகார் நகலில் அந்தச் சொல் ஏழு இடங்களில் இருந்தது. நீங்கள் பேசியது பல பெண்களுக்குத் தேவையான பேச்சு. அதற்கு நீங்களே அந்தப் பெயரைச் சூட்டாதீர்கள்.

நியாயம் கேட்பதாக நினைத்து அந்தத் துண்டை வாட்ஸ்அப்பில் யாருக்கும் அனுப்பாதீர்கள். தலைப்பு, இணைய முகவரி, பதிவேற்றிய தேதி மூன்றும் தெரியும்படி திரைப்பிடிப்பு எடுத்து வைத்தால் போதும்.

உங்கள் பிடி அந்தத் தலைப்பில்தான் இருக்கிறது. அது நீங்கள் பேசியதல்ல, அவர் சேர்த்தது. அவதூறுக்கு நஷ்டஈடு கேட்கக் காலவரம்பு, வெளியான நாளிலிருந்து ஓராண்டு. அந்தத் தலைப்பைச் சுட்டிக்காட்டி வக்கீல் நோட்டீஸ் அனுப்பிவிட்டுச் சமரசம் பேசுங்கள். பணம் கேட்காதீர்கள். வழக்கென்று போனால் அந்த இரண்டு நிமிடமும் சான்றாவணமாகி, நீதிமன்றத்தில் உங்கள் கணவர் முன்னிலையிலேயே ஓடலாம்.

காணொளியை நீக்கினால் மட்டும் போதாது. மறுபடி பதிவேற்ற மாட்டேன், வேறு சேனலுக்கு விற்க மாட்டேன், முழுப் படத்திலும் உங்கள் முகத்தை மறைப்பேன் என்று அவர் எழுதிக் கையெழுத்திட்ட பிறகே நோட்டீசைத் திரும்பப் பெறுங்கள்.