பெயர் மட்டும்தானா அவருடையது?

அன்புள்ள அண்ணாச்சி,

நடிகை டி.பி.ராஜலட்சுமி 1936லேயே சொந்தமாகப் படம் எடுத்தார் என்று எழுதியிருந்தீர்கள். நம்பத்தான் ஆசை. ஆனால் எங்கள் தெருவில் குழுக் கடன், மனைப் பத்திரம் எல்லாம் பொம்பளைகள் பெயரில்தான் இருக்கிறது; பணம் புழங்குவது வேறு கையில். அவருடையதும் பெயர் மட்டும்தானோ? எங்கள் ஆச்சிக்கு 96 வயது. பீடி இலை வெட்டிக்கொண்டே ராஜலட்சுமி படம் பார்த்த கதையை இன்றைக்கும் சொல்வாள்.

ஒரு வாசகி, முக்கூடல்

அன்புள்ள தங்கச்சி,

உங்கள் சந்தேகம் நியாயமானது. எங்கள் வீட்டு மனையும் அம்மை பெயரில்தான் பதிவானது. பீடித்தூள் ஏறிய பெருவிரலில் ரேகை சரியாக விழவில்லை என்று இரண்டு தடவை துடைத்துவிட்டுக் கைநாட்டு வாங்கினார்கள். அப்புறம் அந்தப் பத்திரத்தை அவள் கண்ணால் பார்த்ததே கிடையாது.

ராஜலட்சுமி விஷயம் அப்படி இல்லை. அந்த 1936 படமான 'மிஸ் கமலா' அவரே எழுதிய நாவலின் கதை. திரைக்கதை அவர், இயக்கம் அவர், கதாநாயகி அவர், படம் எடுத்த ராஜம் டாக்கீஸும் அவருடையது. இத்தனையையும் இன்னொருவர் பின்னால் இருந்து செய்துவிட முடியாது.

பணம் எங்கிருந்து வந்தது? தொண்டையிலிருந்துதான். 1911ல் திருவையாற்றில் பிறந்தவர். விவரம் தெரியாத வயதில் கல்யாணம், அதுவும் நிலைக்கவில்லை. பிழைக்க நாடக மேடைக்கு வந்தார். அந்தப் பிள்ளையின் திறமையைக் கண்டு தூக்கிவிட்டவர் நம் தூத்துக்குடிப் பக்கத்து நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள். அதில் எனக்கு ஒரு தனிச் சந்தோஷம். 1931ல் முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' படத்தில் அவர்தான் நாயகி. அவர் தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் பதில் சொன்னார். அப்போது பின்னணிப் பாட்டு கிடையாது. காமிராவுக்கு முன்னால் நின்று நடித்துக்கொண்டே பாடியாக வேண்டும். மேடையில் பழுத்த குரலுக்கு அன்று அவ்வளவு மதிப்பு. அந்தக் குரல்தான் அவர் போட்ட முதல்.

நஷ்டத்தையும் பாருங்கள். 'இந்தியத் தாய்' என்று ஒரு படம் எடுத்தார். வெள்ளைக்காரன் தணிக்கையில் மாட்டிக்கொண்டு கையைச் சுட்டுக்கொண்டார். பெயரை மட்டும் இரவல் கொடுத்தவராக இருந்தால் அந்த அடி வேறு யாருக்கோ விழுந்திருக்கும். விழுந்தது அவருக்குத்தான். தன் மகளுக்கு அவர் வைத்த பெயரும் கமலாதான்.

சரி, எனக்கு உங்களிடம் ஒன்று வேண்டும். 'காளிதாஸ்' படச்சுருள் இன்று இல்லை. 'மிஸ் கமலா'வும் பார்க்கக் கிடைப்பதில்லை. ஆச்சி பார்த்தது எந்தப் படம் என்று கேளுங்கள். பெயர் நினைவில்லாவிட்டாலும் பரவாயில்லை. எந்த ஊர்க் கொட்டகை, ராஜலட்சுமி சேலை எப்படிக் கட்டியிருந்தார், எந்த இடத்தில் சனம் அழுதது என்று கேட்டு, ஆச்சி சொல்கிற வார்த்தையிலேயே எழுதி அனுப்புங்கள். அடுத்த வாரம் பாபநாசம் போகிற வழியில் முக்கூடல் வருவேன். உங்கள் வீட்டுப் பெரியவர்களுக்குச் சம்மதம் என்றால் நானே வந்து ஆச்சி பக்கத்தில் உட்கார்ந்து கேட்டுக்கொள்கிறேன்.