வருவாய் வசூல் சட்ட நடவடிக்கையை எதிர்த்து வழக்கு: கேள்வி பதில்

கேள்வி: அரசு நிதிக் கழகம் ஒன்றில் வாங்கிய தொழில் கடனுக்காக, கடைசித் தவணை கட்டி 11 ஆண்டுகள் கழிந்த பின், தாசில்தாரிடமிருந்து கோரிக்கை அறிவிப்பு வந்திருக்கிறது. சொத்து எதையும் அடமானம் வைக்கவில்லை. இதை எதிர்க்க முடியுமா ஐயா?

பதில்: முடியும். 1864ஆம் ஆண்டின் தமிழ்நாடு வருவாய் வசூல் சட்டம் பாக்கியை விரைவாக வசூலிக்கும் வழியே தவிர, இல்லாத கடனை உண்டாக்கும் வழி அன்று. கேரளத்தின் இதே வகைச் சட்டத்தை ஆராய்ந்த உச்ச நீதிமன்றம், கல்லியாணிக்குட்டி வழக்கில் (1999), காலாவதியான கடனை இவ்வகையில் வசூலிக்க இயலாது என்று தீர்ப்பளித்தது. அடமானம் இல்லாத கடனுக்குக் காலவரம்பு (வழக்குத் தொடுக்கச் சட்டம் தரும் கெடு) பொதுவாக 3 ஆண்டுகள். அடமானம் இருந்தால் 12 ஆண்டுகள்.

ஆனால், கெடு முடிவதற்குள் நீங்கள் கையொப்பமிட்டுக் கடனை ஒப்புக்கொண்ட கடிதம் ஏதேனும் இருந்தால், அந்நாளிலிருந்து கெடு புதிதாக ஓடத் தொடங்கும். கெடு முடிந்த பிறகும், பணம் தருவதாக எழுதிக் கையொப்பமிட்டால் ஒப்பந்தச் சட்டத்தின் 25(3)ஆம் பிரிவு அதைச் செல்லத்தக்க வாக்குறுதியாக்கிவிடும். ஆகவே தாலுகா அலுவலகத்தில் நீட்டப்படும் தவணைக் கடிதம் எதிலும், கணக்கைச் சரிபார்க்காமல் கையொப்பமிடாதீர்கள். அறிவிப்பு வந்த உறையையும், அது கைக்குக் கிடைத்த நாளையும் பத்திரப்படுத்துங்கள்.

மறுப்பு (வேறொருவர்): அரசுக்குக் காலவரம்பு 30 ஆண்டுகள். நீங்கள் சொல்வது மக்களைத் தவறான நம்பிக்கையில் தள்ளும்.

பதில்: காலவரம்புச் சட்டத்தின் 112ஆம் இனம் அந்த 30 ஆண்டுகளை மத்திய, மாநில அரசுகள் தொடுக்கும் வழக்குகளுக்கே தருகிறது. அரசே நேரடியாகக் கொடுத்த கடனுக்கு உங்கள் வாதம் பொருந்தும் என்பதை ஏற்கிறேன். நிதிக் கழகமோ, அரசுக்கு உடைமையாக இருந்தாலும், சட்டத்தின் கண்ணில் அரசிலிருந்து வேறான தனி அமைப்பு. அதன் கடனை ஆட்சியர் வசூலித்துத் தருவதால் அது அரசின் கடனாகிவிடாது.

மறுப்பு (அதே நபர்): வருவாய் வசூல் ‘வழக்கு’ அன்று, ஆகவே காலவரம்பே இங்கு பொருந்தாது.

பதில்: இந்த வாதத்தைத்தான் 1999 தீர்ப்பு ஏற்க மறுத்தது. வசூலிக்கும் முறை மாறுவதால் உரிமை பெருகாது. நீதிமன்றம் சென்று கேட்க முடியாத தொகையை ஆட்சியர் வழியாகக் கேட்பது எவ்வாறு நியாயமாகும்?

கேள்வி: எங்கள் நிலம் ஏலத்தில் போய்விட்டது. இனி வழி உண்டா?

பதில்: ஏல நாளிலிருந்து 30 நாட்களுக்குள் என்றால் உண்டு. நிலுவையையும், ஏலத்தொகையில் 5 விழுக்காட்டையும் கட்டி, வருவாய் வசூல் சட்டத்தின் 37-அ பிரிவின் கீழ் மனுச் செய்யலாம். அறிவிப்பிலோ ஏலத்திலோ கடுமையான முறைகேடு நடந்து அதனால் இழப்பு நேர்ந்திருந்தால் 38ஆம் பிரிவின் கீழ் ஆட்சியரிடம் செல்லலாம். உரிமையியல் நீதிமன்றத்தை நாடுவோர், 59ஆம் பிரிவின்படி 6 மாதங்களுக்குள் வழக்குத் தொடுத்தாக வேண்டும். நல்ல வழக்குகள் பல நாள் கடந்ததாலேயே தோற்கின்றன. அதனால்தான் உறையைப் பத்திரப்படுத்துங்கள் என்கிறேன்.

கேள்வி: வங்கி வீட்டுக்கடனுக்கு வீட்டைக் கைப்பற்ற நோட்டீஸ் ஒட்டியிருக்கிறது.

பதில்: இது வேறு சட்டம். கடன் மீட்புத் தீர்ப்பாயத்தை 45 நாட்களுக்குள் அணுகுங்கள்.

கேள்வி: பணம் கட்டாவிட்டால் கைது செய்வார்களா?

பதில்: வருவாய் வசூல் சட்டத்தின் 48ஆம் பிரிவில் அந்த அதிகாரம் இருக்கிறது, ஆனால் வேண்டுமென்றே பணத்தை மறைத்தவர் அல்லது மோசடியாக நடந்துகொண்டவர் மீதே அதைப் பயன்படுத்த இடமுண்டு. வெறும் வறுமைக்காக ஒருவரைச் சிறையில் அடைக்கக் கூடாது என்பதை, உரிமையியல் நீதிமன்றம் கட்டச் சொல்லி ஆணையிட்ட கடன் பற்றிய ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் (1980) நீதிபதி கிருஷ்ண ஐயர் தெளிவாக எழுதினார். உங்கள் வருமானத்துக்கும் சொத்துக்கும் உரிய சான்றுகளை இப்போதே திரட்டுங்கள்.

கேள்வி: ஸ்டே வாங்குவது எப்படி?

பதில்: இதையே பலர் கேட்டுவிட்டீர்கள். அறிவிப்பின் நாள், கடனின் தன்மை, அடமானம் உண்டா இல்லையா என்பவற்றைச் சொல்லாமல் கேட்டால் எவராலும் விடை தர இயலாது.

கேள்வி: வேறு மாவட்ட ஆட்சியரின் சான்றிதழின் பேரில் எங்கள் ஊரில் வசூலிக்கிறார்கள். தொகையே தவறு.

பதில்: 1890ஆம் ஆண்டின் மத்திய வருவாய் மீட்புச் சட்டத்தின் 4ஆம் பிரிவைப் படியுங்கள். எழுத்து மூலம் ஆட்சேபம் தெரிவித்து, கையொப்பமிட்டுப் பணத்தைக் கட்டிவிட்டு, அதைத் திரும்பப் பெற வழக்குத் தொடுக்கலாம். ஆட்சேபக் கடிதத்தைப் பணம் கட்டும் நேரத்திலேயே கொடுத்துவிடுங்கள். பின்னர் கொடுப்பது பயன்படாது.