மகள் சினிமா தயாரிப்பாளர் ஆக வேண்டும் என்கிறாள்

கேள்வி: பிளஸ் டூவில் வணிகவியல் படித்த மகள், பேய்ப்படம், குடும்பப்படம், சண்டைப்படம் என்று எல்லா வகையும் தயாரிக்கப் போகிறேன் என்கிறாள். எங்களுக்கு இருப்பது கோத்தகிரியில் இரண்டு ஏக்கர் தேயிலைதான். என்ன சொல்வது?

பதில்: ஐயா, தேயிலையை அடமானம் வைக்கவே வேண்டாம். படத்துக்குப் பெரும்பாலும் கடன் கொடுப்பவர் ஃபைனான்சியர். கதையைப் பிடித்து, பட்ஜெட் போட்டு, நாள் குறித்து, முடித்து விற்பதுதான் தயாரிப்பாளர் வேலை. கணக்கு தெரிந்த பிள்ளைக்கு அது நன்றாக வரும்.

பல வகைப் படம் எடுக்கும் ஆசையும் தப்பில்லை. கோவைக்காரரான சாண்டோ சின்னப்பா தேவர் சண்டைப்படம், பக்திப்படம், விலங்குகள் நடித்த படம் என எல்லாம் எடுத்தார். இழுக்காமல் முடிப்பதில் பெயர் வாங்கியவர். எந்த வகைப் படம் எங்கே பணத்தைத் தின்னும் என்று தெரிய வேண்டும், அவ்வளவுதான்.

குன்னூர் பங்களா ஒன்றில் பேய்ப்படம் என்று வைத்துக்கொள்ளுங்கள். நாலைந்து நடிகர்கள், ஒரே இடம், மலிவாகத் தெரியும். ஆனால் வேலை முழுக்க ராத்திரி. பேட்டா, அதாவது ஆட்களுக்குத் தரும் தினப்படி கூடும், ஜெனரேட்டருக்கு டீசல் ஏறும். ஐப்பசி, கார்த்திகையில் உங்கள் பக்கம் மழை எப்படி அடிக்கும் என்று நான் சொல்லத் தேவையில்லை. அப்போது நாள் குறித்தால் யூனிட், அதாவது படக்குழு முழுக்க, வேலையில்லாமல் லாட்ஜில் உட்கார்ந்து சாப்பிடும். மே மாதம் வந்தால் அறை வாடகை ஏறியிருக்கும், நீலகிரிக்குள் வர இ-பாஸ் எடுக்காத வெளியூர் வண்டி சோதனைச்சாவடியில் நிற்கும். ஒரு கோடி கடனுக்கு ரெண்டு வட்டி என்றால் மாதம் 2 லட்சம். ரிலீஸ் மூன்று மாதம் தள்ளினால் 6 லட்சம் போச்சு, திரையில் அது ஒரு ஷாட்டாகக்கூடத் தெரியாது.

சென்சாரை ஸ்கிரிப்டிலேயே யோசிக்க வேண்டும். ‘ஏ’ சான்று வந்த படத்தை அப்படியே டிவியில் போட முடியாது. டிவிக்கு விற்கும் சேட்டிலைட் உரிமை அடிபடும். குதிரையோ நாயோ நடித்தால் ஷூட்டிங்குக்கு முன்பே விலங்குகள் நல வாரியத்தின் அனுமதி வேண்டும். காட்டுக்கு வனத்துறை, ஊட்டி தாவரவியல் பூங்காவுக்குத் தோட்டக்கலைத் துறை என்று ஒவ்வொரு லொகேஷனுக்கும் ஒவ்வொரு வாசல்.

படிப்புக்கு ஊட்டி அரசு கலைக் கல்லூரியில் பி.காம். போதும். லீவில், மலைக்கு வரும் யூனிட்டில் புரொடக்‌ஷன் மேனேஜருக்கு உதவியாகச் சேரட்டும். காலையில் எத்தனை பேருக்கு டிபன், எந்த வண்டி எத்தனை மணிக்கு, யாருக்கு எவ்வளவு ரொக்கம், வவுச்சரில் கையெழுத்து இருக்கிறதா என்று பார்ப்பதுதான் உண்மையான பாடம். அன்றன்றைய செலவை அன்று இரவே பட்ஜெட்டோடு ஒப்பிடப் பழகினால் பாதித் தொழில் கைக்கு வந்துவிடும். பட்டம் முடித்தபின் விருப்பமிருந்தால் கொல்கத்தா சத்யஜித் ரே திரைப்பட நிறுவனத்தில் தயாரிப்புக்கென்றே முதுநிலைப் படிப்பு இருக்கிறது. எந்தப் பட்டதாரியும் நுழைவுத் தேர்வு எழுதலாம். இல்லையென்றால் நேராகச் சென்னை. உதவியாளர், மேனேஜர், நிர்வாகத் தயாரிப்பாளர் என்று படிப்படியாக வரலாம். ஆரம்பத்தில் சம்பளம் குறைவு, சில மாதம் வராமலும் போகும். அந்த நாட்களுக்கு ஜி.எஸ்.டி. கணக்கு எழுதத் தெரிந்திருந்தால் வாடகைக்குக் கஷ்டம் இருக்காது.

இதற்கிடையில் யாராவது, “பத்து லட்சம் போடுங்கள், இணைத் தயாரிப்பாளர் என்று டைட்டிலில் மகள் பெயர் வரும்” என்று வருவார்கள். எந்த உரிமையில் எத்தனை சதவீதம், போட்ட பணம் ஃபைனான்சியருக்கு முன்னால் திரும்புமா பின்னால் திரும்புமா, படம் நின்றால் பணம் என்ன ஆகும் என்று கேளுங்கள். பதில் பத்திரத்தில் எழுதி வராவிட்டால் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.