நியூமனும் என் ஹால் டிக்கெட்டும்

அன்புள்ள சார்,

விடுதியில் தங்கி முதுகலை படிக்கிறேன். பத்தொன்பதாம் நூற்றாண்டு ஆங்கிலேயப் பாதிரியார் ஜான் ஹென்றி நியூமனின் பல்கலைக்கழக உரைகளைப் படித்தேன். அறிவை அறிவுக்காகவே தேடச் சொல்கிறார். ஆனால் 1845இல் இங்கிலாந்தின் ஆங்கிலிகன் சபையை விட்டு ரோமுக்கு, அதாவது கத்தோலிக்க சபைக்கு, அடங்கிப்போனார். அப்படிப்பட்டவர் கல்வியைப் பற்றிச் சொல்வதை எப்படி நம்புவது?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

முதலில் ஒரு குட்டு. அடங்கிப்போனாரா? கோட்பாட்டு விஷயத்தில் சாதாரண விசுவாசிகளையும் கேட்க வேண்டும் என்று 1859இல் எழுதியதற்காக, ரோமில் அவர்மேல் புகாரே போனது. விருந்தில் வாழ்த்துச் சொல்லித்தான் ஆக வேண்டும் என்றால் முதலில் மனசாட்சிக்கு, அப்புறம்தான் போப்புக்கு என்று 1875இல் அச்சிலேயே போட்டவர். சரி, அதை விடுங்கள்.

போன வாரம் பரணிலிருந்து டிரங்குப் பெட்டியை இறக்கினேன். அடியில் என் பி.ஏ. ஹால் டிக்கெட். ஸ்டேப்ளர் பின் துருப்பிடித்து, போட்டோவில் என் காதைத் தின்றிருந்தது. பட்டம் கொடுத்த பல்கலைக்கழகத்துக்குள் நான் ஒருநாளும் கால் வைத்ததில்லை. அதற்கு என்னைத் தெரியாது, என் பதிவெண்ணைத்தான் தெரியும். அப்போதிருந்து நியூமன் நினைப்புதான்.

1820இல் ஆக்ஸ்ஃபோர்டு தேர்வுக்கு விழுந்து விழுந்து படித்து, பட்டியலின் அடியில் வந்து நின்றவர் அவர். இரண்டே வருடத்தில் ஆக்ஸ்ஃபோர்டின் ஓரியல் கல்லூரி அவரை ஃபெலோவாக, அதாவது கல்லூரியின் அறிஞர் குழு உறுப்பினராக, எடுத்துக்கொண்டது. ஆசிரியர் வேலை மேய்ப்பர் வேலை, பையன்களின் ஆன்மாவுக்கும் ஆசிரியரே பொறுப்பு என்று அங்கே அடம்பிடித்தார். அதை ஏற்காத கல்லூரித் தலைவர் ஹாக்கின்ஸ் 1830 முதல் அவருக்குப் புது மாணவர்களையே கொடுக்கவில்லை. சபை அதிகாரம் வேறு, கல்வி வேறு என்று நீங்கள் பிரித்து வைத்திருப்பது அவரிடம் பிரியவே இல்லை.

நீங்கள் படித்த அந்த உரைகளில், 1852இல் டப்ளினுக்காக எழுதினார்: தங்கவும் இடமில்லாமல், பார்த்துக்கொள்ள ஆசிரியரும் இல்லாமல், தேர்வு வைத்துப் பட்டம் மட்டும் கொடுக்கும் பல்கலைக்கழகம் ஒன்று. பேராசிரியரும் தேர்வும் இல்லாமல், இளைஞர்களை மூன்று நான்கு வருடம் ஒன்றாக வாழவிட்டு அனுப்பும் பல்கலைக்கழகம் இன்னொன்று. எனக்கு இரண்டாவதே மேல் என்றார். ஐந்து வருடம் கழித்து சென்னைப் பல்கலைக்கழகத்தை எந்த அச்சில் வார்த்தார்கள்? லண்டன் பல்கலைக்கழகத்தின் அச்சில். கல்லூரிகளை இணைத்துக்கொள்வது, தேர்வு நடத்துவது, பட்டம் கொடுப்பது. என் ஹால் டிக்கெட் அந்த வம்சம்.

நான் படித்ததெல்லாம் மெஸ்ஸில்தான். இரவு ரசம் தட்டில் காய்ந்துபோகும்வரை, கடவுள் உண்டா என்று நாலு பேர் கத்துவோம். வாட்ச்மேன் விளக்கை அணைத்த பிறகும் இருட்டில் தொடரும். நான் தோற்ற வாதங்கள் இன்றும் வரிக்கு வரி நினைவிருக்கின்றன. தேர்வில் எழுதிய ஒரு பதில்கூட இல்லை.

உங்கள் மெயில் இரவு 2.40க்கு வந்திருக்கிறது. அந்த நேரத்தில் இந்தக் கேள்வியோடு அறைத்தோழனை எழுப்பாமல் எனக்கு ஏனய்யா எழுதினீர்கள்? இன்றைக்காவது எழுப்புங்கள். அவன் என்ன சொல்லித் திட்டினான் என்று எழுதுங்கள்.